பொட்டு வைத்த பாஸ்போர்ட்

ஆயுத பூஜை கழிந்து பன்னிரண்டாம் நாள், ஒரு புதன்கிழமை காலை. ஊருக்குக் கிளம்ப இன்னும் மூன்று நாள் இருக்கிறதே என்று சாவகாசமாகப் பெட்டி அடுக்கிக்கொண்டிருந்தேன். மஞ்சள் பைக்குள் கிடந்த பாஸ்போர்ட்டை எடுத்து ஒரு பார்வை பார்த்துவைக்கலாம் என்று திறந்தேன். அது திறக்கவில்லை. தாளோடு தாள் ஒட்டிக்கிடந்தது. மூக்கருகே கொண்டுபோனால் ஊறுகாய் வாசனை அடித்தது.

காய் நறுக்கும் கத்தியை நுழைத்து மெல்லப் பிரித்தேன். என் படம் இருந்த பக்கத்தில் பிளாஸ்டிக் உறை ஓரம் கிளம்பி, உள்ளே சிவப்பு இறங்கி, நெற்றியிலிருந்து மூக்கு வரைக்கும் ஒரே குங்குமம். வெளிநாட்டுக்குள் நுழைந்தபோது முத்திரை குத்தினார்களே, அந்தப் பக்கம் இன்னும் மோசம். முத்திரை எது, கறை எது என்று தெரியவில்லை. கத்தி பட்டு ஒரு மூலை கிழிந்தும் போயிற்று. யார்மேலும் பழி போட வழியில்லை. இந்தக் காரியத்தைச் செய்தவள் நான்தான்.

நான் இருந்தது தான்சானியாவில், டொடோமா நகரத்துக்கு வடக்கே ஒரு பொட்டல் காட்டில். திருச்செங்கோட்டுக்காரர் ஒருவருடைய போர்வெல் வண்டி அங்கே ஓடுகிறது. எங்கள் பக்கத்தில் அந்த வண்டிக்கு ரிக் என்று பெயர். பூமியைத் துளைக்கும் வண்டி. கூடவே குழாய்களைச் சுமக்கும் ஒரு லாரி, பத்துப் பேர் கொண்ட ஒரு பட்டாளம். அந்தப் பட்டாளத்துக்கு என் வீட்டுக்காரர் மேனேஜர். நான் பரமத்தி வேலூரில் வெற்றிலைக் கொடிக்கால் பார்த்துக்கொண்டு கிடப்பவள். நாலு வருடமாகக் கூப்பிடுகிறேன், ஒருமுறை வந்து பார் என்று அவர் ஓயாமல் சொன்னதால் இரண்டு மாதத்துக்குப் போயிருந்தேன். போன இடத்தில் ஆயுத பூஜையும் வந்தது.

ரிக் கழுவி, வாழைக்கன்று கட்டி, குழாய் ராடு, துளைக்கும் பிட், சுத்தியல், ஸ்பேனர் எல்லாவற்றையும் வரிசையாக வைத்துச் சந்தனம் குங்குமம் வைத்தார்கள். அப்போது எனக்கு ஒரு ஞானம் பிறந்தது. அன்னிய நாட்டில் இவர்களைப் பிழைக்கவைப்பது ராடும் பிட்டும் மட்டுமா, பாஸ்போர்ட்டும்தானே? அதுவும் ஆயுதம்தானே? எல்லாருடையதையும் வாங்கித் தாம்பாளத்தில் அடுக்கினேன். முதலில் ஊருக்குப் போகப் போகிறவள் நான் என்பதால் என்னுடையதை மேலே வைத்தேன். சாமிக்கு ஆள் அடையாளம் தெரிய வேண்டாமா என்று படம் இருக்கும் பக்கத்தைத் திறந்தும் வைத்தேன். அந்தப் படத்தில் பொட்டு சரியாக விழவில்லை என்ற குறை எனக்கு எப்போதுமே உண்டு. அதனால் விரலில் குங்குமம் தொட்டு நானே ஒன்று வைத்தேன். திருஷ்டி படக்கூடாதென்று எலுமிச்சம்பழத்தை இரண்டாக அரிந்து, குங்குமம் தடவி, அதையும் அதன்மேலேயே கவிழ்த்தேன்.

பூஜைக்கு வைத்த ஆயுதத்தை மறுநாள் பூஜை முடியாமல் தொடக்கூடாது என்பது எங்கள் ஊர் வழக்கம். ஆகவே ஒரு பகலும் ஓர் இரவும் பழம் தன் வேலையைப் பார்த்தது. மறுநாள் எடுத்து, துடைத்தால் பாவம் என்று துடைக்காமல் அப்படியே மூடிப் பைக்குள் போட்டேன். மற்றவர்கள் பாஸ்போர்ட்டுகளில் அட்டையில் ஒரு சின்னப் பொட்டு, அவ்வளவுதான். பிள்ளையார் பிடிக்கப்போய்க் குரங்கானது என்னுடையது மட்டும்.

மற்ற நேரமாக இருந்தால் சிரித்துவிட்டுப் போயிருப்பேன். அடுத்த வாரம் வெள்ளிக்கிழமை என் தம்பி செல்வத்துக்குக் கல்யாணம். அவனுக்கு வயது முப்பத்தொன்பது. ஒன்பது வருடம் பெண் தேடினோம். எங்கள் பக்கத்தில் காடு தோட்டம் பார்க்கிற பையனுக்குப் பெண் கிடைப்பது எவ்வளவு பாடு என்பது அங்கே இருப்பவர்களுக்குத் தெரியும். நாமக்கல், சங்ககிரி, ஈரோடு என்று சலித்துவிட்டு, கடைசியில் கிழக்கே தம்மம்பட்டியில் ஒரு நல்ல பெண் அமைந்தாள். எங்களுக்கு அவன் ஒருவன், அவனுக்கு நான் ஒருத்தி. கல்யாணத்துக்கு முந்தின நாள் சாயங்காலம் இணைச்சீர். மாப்பிள்ளையின் கூடப்பிறந்தவள் செய்கிற சீர் அது. மணப்பெண்ணுக்கு எடுத்த கூறைப்புடவையின் ஒரு முனையை அவனும் மறுமுனையை அவளும் பிடித்து நிற்க, சடங்கை நடத்துகிற அருமைக்காரர் இரண்டு பேருக்கும் சந்தனம் குங்குமம் வைப்பார். அந்த இடத்தில் நிற்க நான் ஒன்பது வருடமாகக் காத்திருந்தேன்.

நான் இல்லாவிட்டால் சீர் நின்றுவிடாது. பங்காளி வீட்டுப் பெண் யாராவது நிற்கலாம். அதுதான் எனக்கு வயிற்றெரிச்சல். எங்கள் பெரியப்பா மகள் மல்லிகா அக்கா அங்கே தயாராக இருந்தாள். பெண் தேடிய காலத்தில் ஒரு விருந்தில் வைத்து, உன் தம்பிக்கு இனிமேல் கோயில் மாட்டைத்தான் கட்டிவைக்க வேண்டும் என்று நாலு பேர் காதுபடச் சொன்னவள். இரண்டு வருடமாக அவளோடு எனக்குச் சரியாகப் பேச்சில்லை. நான் ஊரில் இல்லாததால் புடவைக்குப் பேர்போன இளம்பிள்ளை ஊருக்குப் போய்க் கூறைப்புடவை எடுத்ததும் அவள்தான். வாட்ஸ்அப்பில் படம் வந்தபோது, நிறம் கொஞ்சம் கண்ணை அடிக்கிற மாதிரி இருக்கிறது என்று எழுதி அனுப்பினேன். புடவை உண்மையில் நன்றாகவே இருந்தது.

வீட்டுக்காரரிடம் பாஸ்போர்ட்டைக் காட்டினேன். இரண்டு பக்கமும் திருப்பிப் பார்த்துவிட்டு, நாலு நாளுக்கு முன்னாலாவது திறந்து பார்த்திருக்கக்கூடாதா என்றார். அந்த நேரத்தில் அவர் கேட்க வேறு கேள்வியே கிடைக்கவில்லை. ரிக் பாதித் துளையில் நின்றதால் அவரால் கூட வர முடியவில்லை. டிரைவர் ஜூமாவைத் துணைக்குப் போட்டு என்னைத் தூதரகத்துக்கு அனுப்பினார். பஸ் ஏறும்போது ஒரு யோசனையும் சொன்னார்.

"மழையில நனைஞ்சு போச்சுன்னு எழுதிக் குடு தனம். குங்குமம், எலுமிச்சம்பழம்னு சொன்னா, மந்திரம் வெச்சிருக்கறன்னு நெனச்சுக்குவாங்க."

சரி என்று தலையாட்டினேன். அந்த வினை என்னோடு பஸ் ஏறியது.

ஜூமாவைப் பற்றிச் சொல்லவேண்டும். ஐம்பது வயது இருக்கும். எட்டு வருடம் எங்கள் ஆட்களோடு வண்டி ஓட்டியதில் தமிழ் கற்றுக்கொண்டவர். அதுவும் சுத்தமான திருச்செங்கோட்டுத் தமிழ். "ஏனுங்க அக்கா, தண்ணி குடிக்கறீங்களா?" என்று அவர் கேட்டபோது பஸ்ஸில் பின்சீட்டுக்காரர்கள் எட்டிப் பார்த்தார்கள். அந்த நாட்டில் நடுவயதுப் பெண்களை எல்லாரும் மாமா என்றுதான் மரியாதையாக அழைக்கிறார்கள். ஊரில் நான் என் வீட்டுக்காரரைக் கூப்பிடுகிற பெயர் அது. கண்டக்டர், பழம் விற்பவள், போலீஸ்காரர் எல்லாரும் என்னை மாமா என்று கூப்பிட்டபோது முதல் வாரம் முழுக்கத் திடுக்கிட்டுத் திரும்பிக்கொண்டிருந்தேன். ஜூமா ஒருவர்தான் அக்கா என்பார்.

பாதி வழியில் பஸ்ஸின் பின்சக்கரம் வெடித்தது. எல்லாரும் இறங்கி ஒரு முள்மரத்து நிழலில் நின்றோம். பஸ் கூரையில் ஒரு கோழிக்கூடை இருந்தது. வெயிலில் கோழிகள் வாயைத் திறந்துகொண்டு இரைத்தன. நாமக்கல் ஜில்லாவில் பிறந்தவளுக்கு அதைப் பார்த்துவிட்டு நிற்க முடியுமா? கூடையை இறக்கச் சொல்லி, தண்ணீரை எடுத்து இறக்கைக்கு அடியில் தெளித்தேன். கோழிக்காரி என்னைச் சந்தேகமாகப் பார்த்தாள். இந்த அக்காவின் ஊரில் மனிதர்களைவிடக் கோழிகள் அதிகம் என்று ஜூமா அவளுக்கு விளக்கினார். வண்டி கிளம்பும்போது அவள் மடியிலிருந்து இரண்டு அவித்த முட்டையும் காகிதத்தில் உப்பும் எடுத்துக் கொடுத்தாள். நாட்டுக்கோழி முட்டை, மஞ்சள் கரு நல்ல நிறம். எங்கள் ஊர்ப் பண்ணைக்காரர்கள் பார்த்தால் பொறாமைப்படுவார்கள்.

தார் எஸ் சலாம் கடலோர நகரம். நம்முடைய தூதரகம் அங்கேதான். வியாழக்கிழமை காலையில் போய் உட்கார்ந்தேன். நம் ஊர்க் கூட்டம், நம் ஊர் இரைச்சல், யாரோ ஒருவர் டிபன் டப்பாவைத் திறந்த வாசனை. இரண்டு மாதத்துக்குப் பிறகு அது அவ்வளவு சுகமாக இருந்தது. கவுன்டரில் இருந்த பெண் பாலக்காட்டுக்காரி; தமிழ் பேசினாள். முப்பதுக்குள் இருக்கும். பாஸ்போர்ட்டை விரல் நுனியால் எடுத்துப் புரட்டினாள். புது பாஸ்போர்ட் என்றால் ஊரிலிருந்து விசாரணை முடிந்து வர வாரக்கணக்காகும் என்றாள். அவசரத்துக்கு இந்தியா போய்ச் சேர மட்டும் ஒரு சான்று தரலாம், ஒருவழிப் பயணத்துக்குத்தான் செல்லும் என்றாள். எனக்கு ஒரு வழிதான் வேண்டும், அதுவும் அடுத்த வியாழனுக்குள் வேண்டும் என்றேன்.

பாஸ்போர்ட் எப்படிப் பாழானது என்று கைப்பட எழுதித் தரச் சொன்னாள். எழுதினேன். மழையில் நனைந்துவிட்டது. எழுதும்போது கொஞ்சமும் தயங்கவில்லை என்பதை வெட்கத்தோடு ஒப்புக்கொள்கிறேன். அவள் வாங்கிவைத்துக்கொண்டு இன்னொரு வேலை சொன்னாள். நான் நாட்டுக்குள் நுழைந்த முத்திரை தெரியவில்லை அல்லவா? முறையாகத்தான் வந்தேன் என்று இந்த நாட்டுக் குடியேற்ற அலுவலகத்தில் ஒரு சான்று வாங்கவேண்டும். அது இல்லாவிட்டால் விமான நிலையத்தில் வெளியே விடமாட்டார்கள். கடிதத்தின் நகலையும் பாழான பாஸ்போர்ட்டையும் கொடுத்து அனுப்பினாள்.

வெள்ளிக்கிழமை அந்த அலுவலகம். அதிகாரியும் ஒரு பெண்தான். என் வயது, நல்ல உயரம், கழுத்தில் சங்கிலியோடு மூக்குக்கண்ணாடி. கடிதத்தைப் படித்தாள். பாஸ்போர்ட்டை எடுத்தாள். பிரித்துப் பார்ப்பாள் என்று நினைத்தேன், மூக்கருகே கொண்டுபோனாள். பிறகு ஜூமாவிடம் நான் எந்த ஊரில் தங்கியிருந்தேன் என்று கேட்டாள். அவர் சொன்னார். கண்ணாடியைக் கழற்றிவிட்டு என்னிடம் திரும்பி, எனக்குப் புரியவேண்டும் என்று நிறுத்தி நிறுத்தி ஆங்கிலத்தில் கேட்டாள்:

"மாமா, அந்த ஊரில் கடைசியாக மழை பெய்தது எப்போது?"

என் பதிலுக்கு அவள் காத்திருக்கவில்லை. அவளே தொடர்ந்தாள். அவளுடைய அம்மா இருப்பதும் டொடோமா பக்கம்தானாம். ஆறு மாதமாக அங்கே ஒரு தூறல் இல்லை. மழை பெய்யாததால்தானே உங்கள் இயந்திரமே அங்கே வந்து நிற்கிறது என்றாள்.

கெட்டிக்காரன் புளுகு எட்டு நாளைக்கு என்பார்கள். என் புளுகு இரண்டாம் நாளே மண்ணைக் கவ்வியது. தண்ணீர் இல்லாத ஊரில் தண்ணீர் தேடி வந்த கூட்டத்துக்காரி, மழையில் நனைந்தேன் என்று எழுதிக்கொடுத்திருக்கிறேன். ஊரில் என் கொடிக்கால் ஆட்களுக்குத் தெரிந்தால் ஒரு வருடத்துக்குச் சொல்லிச் சிரிப்பார்கள். அவள் கோபப்படவில்லை, அதுதான் இன்னும் கூச்சமாக இருந்தது. உண்மையை எழுதி, உங்கள் தூதரகத்தில் அதற்கு முத்திரை வாங்கிக்கொண்டு வா, அதுவரைக்கும் நான் எதிலும் கையெழுத்துப் போடமாட்டேன் என்று எல்லாவற்றையும் திருப்பிக் கொடுத்தாள். வெளியே வந்தபோது மணி மூன்று. நாங்கள் பாஜாஜி என்கிற மூன்றுசக்கர வண்டியில் தூதரகத்துக்குப் பறந்தோம். பாதி வழியில் அதற்குப் பெட்ரோல் தீர்ந்துபோனது. ஜூமாவும் டிரைவரும் தள்ள, நான் உள்ளே உட்கார்ந்து முருகனைக் கூப்பிட, போய்ச் சேர்ந்தபோது கதவு சாத்தியிருந்தது. இனி திங்கட்கிழமைதான்.

சனியும் ஞாயிறும் செய்ய ஒன்றுமில்லை. ஊர் சுற்றினோம். அங்கே ஏழை பணக்காரன் எல்லாரும் தின்கிற ஒரு பண்டம் இருக்கிறது. உருளைக்கிழங்கு வறுவலின்மேல் முட்டையை உடைத்து ஊற்றி அடையாகப் புரட்டித் தருகிறார்கள். சிப்ஸி மயாய் என்று பெயர். லட்சக்கணக்கில் முட்டை ஏற்றுமதி செய்கிற ஊர்க்காரர்களுக்கு இது ஏன் தோன்றவில்லை என்று எனக்கு ஆற்றாமையாக இருந்தது. மத்தியானத்தில் உகாலி. சோளமாவுக் களிதான், நம் கம்பங்களிக்குத் தங்கை. தொட்டுக்கொள்ள வந்த கீரை சாட்சாத் நம் தண்டங்கீரை. கையால் உருட்டி, குழித்து, கீரையை அள்ளி நான் தின்ற வேகத்தைப் பார்த்து ஹோட்டல்காரி இன்னொரு கட்டி கொண்டுவந்து வைத்தாள். வேண்டுமா என்று கேட்கக்கூட இல்லை.

பழைய இந்தியக் கடைத்தெருவில் ஒரு பெட்டிக்கடையில் வெற்றிலையைப் பார்த்தேன். அதை அவர்கள் தம்பூ என்கிறார்கள். யாரோ ஒரு குஜராத்திக்காரர் தாம்பூலத்தோடு கப்பலேறியிருக்கவேண்டும். ஒரு இலையைக் கிள்ளி மென்றேன். கனம், நல்ல காரம், ஆனால் எங்கள் காவிரித் தண்ணீர் வெற்றிலையின் அந்தக் கடைசி இனிப்பு இல்லை. கடைக்காரரிடம் கொடிக்கு நிழல் போதவில்லை என்று ஜூமா மூலமாகச் சொன்னேன். கொடி எங்கோ தீவில் இருக்கிறது, நான் விற்கிறவன்தான் என்றார் அவர்.

ஞாயிறு மாலை படகுத்துறையில் நின்றுகொண்டிருந்தபோது செல்வம் கூப்பிட்டான். நடந்ததைச் சொன்னேன். முழுக்கக் கேட்டுக்கொண்டான்.

"நீ பதறாத அக்கா. மெதுவா வா. மல்லிகாக்கா நிக்கறேங்குது."

என்னைச் சமாதானப்படுத்தத்தான் சொன்னான். அது எனக்கு நெஞ்சில் குத்தியது. போனை வைத்துவிட்டு அழுதேன். சின்ன வயதில் பள்ளிக்கூடத்துக்கு அவனை இடுப்பில் சுமந்துபோனவள் நான். ஒவ்வொரு பெண் வீட்டிலும் காபி குடித்துவிட்டு, தகவல் சொல்லி அனுப்புகிறோம் என்ற பதிலையும் வாங்கிக்கொண்டு அவனோடு திரும்பி வந்தவள் நான். அந்தப் புடவை முனை என் கையில் இருக்கவேண்டும் என்பதைத் தவிர அந்த நேரத்தில் எனக்கு வேறு எந்த ஆசையும் இல்லை. ஜூமா பக்கத்தில் நின்று கடலைப் பார்த்துக்கொண்டிருந்தார். அழுது முடித்ததும் ஒரு இளநீர் வாங்கிக்கொடுத்தார்.

திங்கட்கிழமை. உண்மையை எழுத மனதைத் திடப்படுத்திக்கொண்டுதான் போனேன். ஆனாலும் வரிசையில் நிற்க நிற்க, வீட்டுக்காரர் சொன்ன மந்திரம் என்ற வார்த்தை காதில் ஒலித்தது. படித்த பிள்ளைகள் இருக்கிற இடம், என்ன நினைப்பார்களோ? அப்போது கவுன்டருக்கு உள்ளே இருந்த நகலெடுக்கும் இயந்திரம் கண்ணில் பட்டது. அதன் பக்கவாட்டில், ஒரு ரூபாய்க் காசு அகலத்தில், காய்ந்துபோன சந்தனம். நடுவில் குங்குமம். பக்கத்தில் ஸ்டேப்ளரிலும் ஒன்று. எனக்குப் பாதி பாரம் இறங்கிவிட்டது.

கவுன்டருக்குப் போனதும் அந்த இயந்திரத்தைக் காட்டினேன். பிறகு என் பாஸ்போர்ட்டைக் காட்டினேன். எலுமிச்சம்பழத்தையும் சேர்த்து எல்லாவற்றையும் சொன்னேன். பாலக்காட்டுப் பெண் உதட்டைக் கடித்துக்கொண்டு கேட்டாள். சிரிப்பை அடக்கியதில் அவளுக்குக் கண்ணில் நீர் வந்துவிட்டது.

"இங்க நாங்களும்தான் பூஜை போட்டோம். ஆனா நாங்க மெஷினுக்குத்தான் பொட்டு வெச்சோம். பாஸ்போர்ட்டுக்கு வெக்கலை."

"வெச்சுப்போட்டேன் சாமி. இனி என்ன பண்றது?"

அவளைச் சாமி என்று கூப்பிட்டது எனக்கே அப்புறம்தான் உறைத்தது. எங்கள் பக்கத்தில் பிரியமானவர்களை அப்படித்தான் கூப்பிடுவோம். பழைய கடிதத்தைக் கிழித்துப் போட்டுவிட்டுப் புதிதாகத் தமிழில் எழுதச் சொன்னாள். அவளே அதை ஆங்கிலத்தில் எழுதி, கீழே நம் நாட்டில் இப்படி ஒரு வழிபாடு உண்டு என்று ஒரு வரியும் சேர்த்து, மேலதிகாரியிடம் கையெழுத்து வாங்கி வந்தாள். மறுநாள் காலையில் அவசரச் சான்றும் கைக்கு வந்தது. ஒரே ஒரு மடிப்புத் தாள். அதில் புதுப் படம் ஒட்டியிருந்தது. பொட்டு நன்றாக விழுந்திருந்தது.

செவ்வாய்க்கிழமை பதினொரு மணிக்கு மறுபடியும் அந்த உயரமான அதிகாரி முன்னால் உட்கார்ந்தோம். கடிதத்தைப் படித்தாள். திரும்பவும் முதலிலிருந்து படித்தாள். முகத்தில் ஒன்றும் தெரியவில்லை. கருவிகளுக்குப் பொட்டு வைப்பது உண்மையா என்று என்னை விட்டுவிட்டு ஜூமாவைக் கேட்டாள்.

ஜூமா கொஞ்சம் முன்னால் நகர்ந்தார். சட்டைப்பையிலிருந்து தன் டிரைவிங் லைசென்ஸை எடுத்து மேஜைமேல் வைத்தார். அட்டையின் வலது மூலையில் மஞ்சளாக ஒரு வட்டம். பல வருடத்துக் கறை. எட்டு வருடமாக எங்கள் ஆட்கள் அவருடைய லைசென்ஸையும் சாமி முன்னால் வைத்துப் பொட்டு வைத்திருக்கிறார்கள். அவரும் துடைக்காமல் வைத்திருக்கிறார். எட்டு வருடத்தில் ஒரு விபத்துகூட இல்லை என்று அவர் அவளிடம் சொன்னதை எனக்கும் தமிழில் சொன்னார்.

அந்தப் பெண் அப்போதுதான் சிரித்தாள். பக்கத்து மேஜைக்காரரைக் கூப்பிட்டு லைசென்ஸையும் என் பாஸ்போர்ட்டையும் அருகருகே வைத்துக் காட்டினாள். இந்த அவசரம் எதற்கு என்று கேட்டாள். தம்பி கல்யாணத்தைச் சொன்னேன். புடவையின் முனையைப் பிடிப்பதை, என் துப்பட்டாவின் ஒரு நுனியை ஜூமா கையில் கொடுத்து, செய்தே காட்டினேன். பாவம், அவரும் மாப்பிள்ளை மாதிரியே விறைப்பாக நின்றார். அவள் தலையசைத்தாள். தங்கள் ஊரில் அத்தை இல்லாமல் கல்யாணம் நடக்காது, அவள் வர நேரமானால் மாப்பிள்ளையே காத்திருக்கவேண்டும் என்றாள். கம்ப்யூட்டரில் நான் வந்த தேதியைத் தேடி எடுத்துச் சான்று எழுதி முத்திரை குத்தினாள். அந்தச் சத்தத்தைப்போல இனிமையான சத்தத்தை நான் சமீபத்தில் கேட்டதில்லை. தாளை நீட்டும்போது, இதில் எதுவும் வைத்துவிடாதே மாமா என்றாள்.

டிக்கெட்டை எத்தனை தரம் மாற்றினோம் என்ற கதையை விட்டுவிடுகிறேன். விமான நிலையத்தில் ஜூமா, "போயிட்டு வாங்க அக்கா" என்றார். வாரேன் என்று சொல்லிவிட்டு உள்ளே போனேன். வியாழக்கிழமை மாலை நாலு மணிக்குக் கோயம்புத்தூரில் இறங்கினேன். அந்த மடிப்புத் தாளை அங்கே வாங்கிக்கொண்டார்கள். அதோடு என் கையில் எந்த நாட்டு அடையாளமும் இல்லை.

இணைச்சீர் ஏழு மணிக்கு. எட்டு வரைக்கும் நல்ல நேரம். டாக்ஸி நன்றாகத்தான் வந்தது. பாதி வழியில் காற்றாலை இறக்கை ஒன்றை ஏற்றிக்கொண்டு ஒரு நீள டிரெய்லர் சாலையை அடைத்துக்கொண்டு ஊர்ந்தது. ஆறாயிரம் கிலோமீட்டர் தாண்டி வந்தவள் அந்த இறக்கையின் வாலைப் பார்த்துக்கொண்டு முக்கால் மணி நேரம் உட்கார்ந்திருந்தேன். செல்வத்தைக் கூப்பிட்டால் போன் எடுக்கவில்லை. மாப்பிள்ளை போன் எடுக்கமாட்டான் என்று தெரிந்தும் விடாமல் அடித்தேன்.

பரமத்தி வேலூர் மண்டபத்துக்குள் நுழைந்தபோது மணி ஏழு ஐம்பது. மேடையில் செல்வம் பட்டு வேட்டியோடு நின்றான். அருமைக்காரர் சுவர்க் கடிகாரத்தையும் மல்லிகா அக்காவையும் மாறி மாறி முறைத்துக்கொண்டிருந்தார். அவள் மேடைத் தரையில் உட்கார்ந்து கூறைப்புடவையை மடித்துக்கொண்டிருந்தாள். மடிப்பு சரியாக வரவில்லை என்று நான்காவது தரமாக உதறுகிறாளாம். பக்கத்தில் நின்ற ஒரு அம்மாள் என்னிடம் அலுத்துக்கொண்டாள். நாற்பது வருடம் புடவை கட்டியவளுக்கு ஒரு புடவையை மடிக்கத் தெரியவில்லை.

நான் மேடை ஏறுவதைப் பார்த்ததும் உதறல் நின்றது. புடவை தானாக மடிந்தது. மடியிலிருந்த ஈரத் துணியைப் பிரித்து மல்லிகைச் சரத்தை எடுத்தாள். அவள் தலையில் பூவே இல்லை என்பதை அப்போதுதான் பார்த்தேன். கசங்கிய என் பயணக் கொண்டையில் அதைச் செருகிவிட்டாள்.

"நீ நிக்கறேன்னு சொன்னியாமா அக்கா?" என்றேன். 

"பஸ்ஸுல துண்டு போட்டு எடம் புடிக்கறதில்லையா, அது மாதிரி நின்னேன். வந்துட்டீல்ல, இந்தா புடி."

முனையை என் கையில் வைத்து அழுத்திவிட்டு மேடையை விட்டு இறங்கிப் போய்விட்டாள். அந்தப் புடவையின் நிறம் அடிக்கவே இல்லை என்று அவளிடம் சொல்லவேண்டும் என்று நினைத்தேன். மறுமுனையில் செல்வம் என்னைப் பார்த்தான்; இரண்டு பேருக்கும் கண் நிறைந்துவிட்டது. அருமைக்காரர் நேரமாகிவிட்ட எரிச்சலில் விரல் நிறையச் சந்தனமும் குங்குமமும் எடுத்து என் நெற்றியில் அப்பினார். அது வழிந்து மூக்குக்கு வந்தது. நான் துடைக்கவில்லை.

புதுப் பாஸ்போர்ட்டுக்கு விண்ணப்பித்திருக்கிறேன். கல்யாண ஆல்பம் அதற்கு முன்னாலேயே வந்துவிட்டது. அதில் புடவை முனையைப் பிடித்துக்கொண்டு நான் நிற்கிறேன். நெற்றியிலிருந்து மூக்கு வரைக்கும் ஒரே குங்குமம். தான்சானியாவில் கத்தி வைத்துப் பிரித்தேனே, அந்தப் பாஸ்போர்ட்டில் பார்த்த அதே முகம்.